தேனீ கொட்டியபின் முதல் கால் மணி நேரம்: மலைத்தோட்டத்தில் இருப்போர் செய்ய வேண்டியவை

கீழ்ப்பழனி மலையில் காப்பித் தோட்ட வேலைக்குப் போகிறவர்களில் தேனீயிடம் கொட்டு வாங்காதவரைத் தேடித்தான் பிடிக்க வேண்டும். பங்குனியில் பூ மழை பெய்து, எட்டுப் பத்து நாளில் செடியெல்லாம் வெள்ளையாகப் பூத்து நிற்கும்போது, தோட்டம் முழுவதும் தேனீக்களின் இரைச்சல் கேட்கும். அந்த இரைச்சலுக்கு நடுவேதான் களை வெட்டுகிறோம், குழி எடுக்கிறோம், சில்வர் ஓக் மரத்தில் மூங்கில் ஏணியைச் சாய்த்து மிளகுக் கொடியைக் கட்டுகிறோம். ஆகவே கொட்டு என்பது முள் குத்துவதைப் போல அன்றாடச் செய்தியாகிவிட்டது. கொட்டிய இடத்தில் சுண்ணாம்பைத் தடவிவிட்டு அடுத்த வேலையைப் பார்க்கப் போய்விடுகிறோம். பெரும்பாலான நாட்களில் ஒன்றும் ஆவதில்லை. உயிருக்கு ஆபத்தாகும் ஒரு நாள் வந்தால் என்ன செய்ய வேண்டும் என்பதற்காகவே இதை எழுதுகிறேன்.

நான் தாண்டிக்குடிப் பக்கம் காப்பியும் மிளகும் மலைவாழையும் வைத்திருப்பவன்; தோட்டத்தில் அடுக்குத் தேனீப் பெட்டிகளும் உண்டு. சில ஆண்டுகளுக்கு முன் ஒரு மார்கழிக் காலையில், காப்பிப் பழம் எடுத்துக்கொண்டிருந்த என் மதினியின் புறங்கழுத்தில் ஒரே ஒரு தேனீ கொட்டியது. அதற்கு முன்பும் அவரைப் பலமுறை கொட்டியிருக்கிறது. வீங்கும், வற்றும், அவ்வளவுதான். அன்றும் கழுத்தைத் தேய்த்துக்கொண்டு பழம் எடுப்பதைத் தொடர்ந்தார். ஐந்து நிமிடம் கழிந்திருக்கும். "தம்பி, உள்ளங்கை ரெண்டும் அரிக்குது" என்று கையை விரித்துக் காட்டினார். கொட்டியது கழுத்தில், சிவந்திருந்ததோ உள்ளங்கை. பிறகு காதுமடல் தடித்தது. வயிற்றைப் பிசைகிறது என்று சொல்லிச் செடிகளுக்குப் பின்னே போனவர் திரும்பி வந்தபோது குரல் கம்மியிருந்தது. மேட்டில் நின்ற ஜீப் வரை அவரை நடத்தியே கூட்டிப்போனோம்; படியில் கால் வைத்தவர் அப்படியே சரிந்தார். வழியில் இருந்த ஒரு சிறு மருத்துவமனையில் அரிப்பைத் தணிக்கும் அவில் ஊசியும் டெக்சாமெத்தசோன் என்ற ஸ்டீராய்டு ஊசியும் போட்டுக் கீழே கொண்டுபோகச் சொல்லி அனுப்பிவிட்டார்கள். நிலைமை தேறவில்லை, உதடு நீலம் பாய்ந்தது. அதன்பின் ஆரம்ப சுகாதார நிலையத்தில் செவிலியர் தொடையில் போட்ட அட்ரினலின் ஊசிதான் அவரை மீட்டது. ஊசி போட்ட சில நிமிடங்களில், அதுவரை தேடியும் கிடைக்காத நாடி என் விரலுக்குப் பிடிபட்டதை நான் இன்றும் மறக்கவில்லை.

அன்று எங்கள் கையால் நடந்த பிழைகள் இரண்டு: நடக்க விட்டோம்; அவில் போட்டதும் ஆபத்து தீர்ந்தது என்று நம்பினோம். இவ்விரண்டையும் பிறர் செய்யாதிருக்க வேண்டும் என்பதே என் வேண்டுகோள். மீதி எல்லாம் அதற்கு விளக்கம்.

ஆபத்து இரண்டு வகை

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துக்கொள்ள வேண்டும். தேனீயால் உயிர் போவது இரண்டு வெவ்வேறு வழிகளில் நிகழ்கிறது. இரண்டுக்கும் செய்ய வேண்டியவை வேறு வேறு.

ஒன்று, கூட்டமாகக் கொட்டுவதால் உடலுக்குள் சேரும் நஞ்சின் அளவு. 2025 ஏப்ரல் தொடக்கத்தில் நீலகிரி மாவட்டம் கூடலூர் அருகே ஊசிமலைக் காட்சிமுனைக்கு வந்திருந்த கேரள இளைஞர் ஒருவர், தேனீக் கூட்டம் துரத்திக் கொட்டியதில் அங்கேயே இறந்தார். இத்தகைய தாக்குதலில் யாராக இருந்தாலும் ஆபத்துதான். ஒவ்வாமை இருக்க வேண்டும் என்பதில்லை. மற்றொன்று, மதினிக்கு நேர்ந்ததைப் போன்ற தீவிர ஒவ்வாமை. இதற்கு ஒரு கொட்டுப் போதும். மருத்துவர்கள் இதை அனஃபிலாக்சிஸ் என்பர்.

அந்தப் பெயருக்குப் பின்னால் ஒரு செய்தி இருக்கிறது. 1902இல் பிரான்சு நாட்டின் சார்லஸ் ரிஷே, பால் போர்ட்டியே என்ற இருவர் கடற்சாமந்தியின் நஞ்சை நாய்களுக்குச் செலுத்திச் சோதித்தார்கள். முதல் முறை தாங்கிக்கொண்ட நாய், சில வாரம் கழித்து அதே அளவு செலுத்தியபோது அரை மணி நேரத்துக்குள் இறந்தது. பழகப் பழகத் தாங்கும் என்று எதிர்பார்த்தார்கள், நேர்மாறாக நடந்தது. அந்த நிகழ்வுக்கு அவர்கள் இட்ட பெயரே அனஃபிலாக்சிஸ். ரிஷேவுக்கு 1913இல் நோபல் பரிசும் கிடைத்தது. நம் ஊரில் "பலமுறை கொட்டியிருக்கு, எனக்கு ஒன்றும் செய்யாது" என்று சொல்பவர்களுக்கு இந்தச் செய்தியைத்தான் நான் சொல்வது. முந்தைய கொட்டுகளில் உடல் அந்த நஞ்சை அடையாளம் கண்டு, அதற்கெதிரான ஒருவகை எதிர்ப்பொருளைச் செய்து வைத்துக்கொள்கிறது. பிறகு ஒரு நாள் அதே நஞ்சு உள்ளே வரும்போது, உடல் முழுவதும் உள்ள சில செல்கள் ஹிஸ்டமின் முதலிய பொருள்களை ஒரே நேரத்தில் கொட்டிவிடுகின்றன. ரத்தக் குழாய்கள் தளர்ந்து விரிகின்றன, ரத்தத்தின் நீர் கசிகிறது, அழுத்தம் சரிகிறது, மூச்சுக்குழல் சுருங்குகிறது. நஞ்சின் அளவுக்கும் இதற்கும் தொடர்பு இல்லை.

தேனீ வளர்ப்பவர்களும் அவர்கள் வீட்டாரும் இதிலிருந்து தப்பியவர்கள் அல்லர். ஆண்டு முழுவதும் நூற்றுக்கணக்கில் கொட்டு வாங்குபவரின் உடல் பெரும்பாலும் பழகிக்கொள்கிறது. ஆண்டுக்குச் சில கொட்டு மட்டுமே வாங்குபவருக்கே ஆபத்து கூடுதல். பெட்டியைத் திறப்பவரைக் காட்டிலும், பெட்டிக்குப் பக்கத்தில் துணி காயப்போடும் வீட்டுப் பெண்களை நினைத்தே நாம் கவலைப்பட வேண்டும்.

கொட்டியது எது

கொட்டியது எதுவென்று பார்த்து வைத்தால் மருத்துவருக்கு உதவும். ஆனால் அதைத் தேடி நேரத்தை வீணாக்க வேண்டாம். பாறையிலும் உயர்ந்த மரத்திலும் ஒற்றை அடையாகத் தொங்கவிடுவது மலைத்தேனீ. நம் பெட்டிகளிலும் மரப்பொந்துகளிலும் இருப்பது அடுக்குத் தேனீ. புதரில் கையளவு அடை கட்டுவது கொம்புத் தேனீ. இம்மூன்றும் பொதுவாகக் கொடுக்கைத் தோலிலேயே விட்டுச் செல்லும். கொசுத்தேனீக்குக் கொட்டும் கொடுக்கு இல்லை. குளவியும், சில ஊர்களில் கதண்டு என்று சொல்லப்படும் கடந்தையும் கொடுக்கை விடுவதில்லை; ஒன்றே பலமுறை கொட்டும். களை வெட்டும்போதும் பழைய கல்கட்டைப் பிரிக்கும்போதும் கொட்டுபவை பெரும்பாலும் இவையே. தேனீ நஞ்சுக்கு ஒவ்வாமை உள்ளவருக்குக் குளவி நஞ்சும் ஒவ்வாது என்று சொல்ல முடியாது. சிலருக்கு இரண்டுமே ஒவ்வாமல் போகலாம். ஆகவே பிறகு ஒவ்வாமைச் சோதனைக்குப் போகும்போது எது கொட்டியது என்று சொல்வது பயன்படும்.

முதல் நிமிடம்

தேனீ பறந்துபோன பிறகும் தோலில் தங்கிய கொடுக்கைக் கூர்ந்து பார்த்தால், அதன் மேல்முனையில் கடுகைவிடச் சிறிய வெளிறிய பை ஒன்று ஒட்டியிருப்பது தெரியும். அந்தப் பை சும்மா இருப்பதில்லை. தசை அசைய அசைய, ஒரு சிறு இதயம் துடிப்பதைப் போலத் துடித்து, கொடுக்கை இன்னும் ஆழத்துக்குத் தள்ளிக்கொண்டே நஞ்சைச் செலுத்துகிறது. பெரும்பகுதி நஞ்சு அரை நிமிடத்துக்குள் இறங்கிவிடும். எனவே கொடுக்கைக் கண்டதும் எடுத்துவிட வேண்டும். கிள்ளி எடுத்தால் பை நசுங்கி நஞ்சு இறங்கிவிடும், சுரண்டித்தான் எடுக்க வேண்டும் என்று நெடுங்காலம் சொல்லிவந்தார்கள். 1996இல் வெளியான ஓர் ஆய்வில், எப்படி எடுத்தாலும் வேறுபாடு இல்லை, தாமதிக்கும் ஒவ்வொரு விநாடியும்தான் வீக்கத்தைக் கூட்டுகிறது என்று தெரியவந்தது. நகம், கத்தியின் முதுகு, பான் அட்டை, எது கையில் இருக்கிறதோ அதனால் எடுங்கள். கத்தி தேடி வீட்டுக்கு ஓடாதீர்கள்.

கொட்டிய இடத்திலிருந்து பழுத்த வாழைப்பழம் போன்ற ஒரு வாசனை எழும். அது மற்றத் தேனீக்களுக்கு விடுக்கும் எச்சரிக்கை. ஐசோபென்டைல் அசிட்டேட் என்ற வேதிப்பொருளே அதன் முக்கியக் கூறு. அந்த வாசனை இருக்கும் இடத்தில் அடுத்த தேனீயும் கொட்டும். ஆகவே கொடுக்கை எடுத்தபடியே கூட்டை விட்டு விலகிவிட வேண்டும். மலைவாழைப் பழம் தின்ற கையோடு பெட்டியைத் திறக்கக் கூடாது என்று எங்களுக்குச் சொல்லிக்கொடுத்தவர்கள் காரணம் இல்லாமல் சொல்லவில்லை.

விலகியபின் கொட்டிய இடத்தைச் சோப்புப் போட்டுக் கழுவி, ஈரத்துணியால் குளிர்ச்சி கொடுங்கள். கையில் கொட்டியிருந்தால் மோதிரத்தையும் வளையலையும், காலில் என்றால் மெட்டியையும் உடனே கழற்றுங்கள். வீங்கியபின் கழற்ற முடியாது. பிறகு கடிகாரத்தைப் பார்த்து நேரத்தைக் குறித்துக்கொள்ளுங்கள். கொட்டு வாங்கியவரைத் தனியாக வேலைக்கு அனுப்பாமல், குறைந்தது ஒரு மணி நேரமாவது கண் பார்வையில் வைத்திருங்கள். தீவிர ஒவ்வாமை பெரும்பாலும் அரை மணி நேரத்துக்குள்ளும், மிகப் பெரும்பாலும் ஒரு மணி நேரத்துக்குள்ளும் தலைகாட்டிவிடும்.

வாய்க்குள்ளோ தொண்டையிலோ கொட்டிவிட்டால் மட்டும் காத்திருக்கக் கூடாது. தேநீர்க் குவளையிலோ பதநீரிலோ விழுந்த தேனீயைக் கவனியாமல் குடித்துவிடுவதால் இது நேர்கிறது. ஒவ்வாமையே இல்லாதவருக்கும் வீக்கம் மூச்சுவழியை அடைத்துவிடலாம்; உடனே மருத்துவமனைக்குப் போக வேண்டும். கருவிழியில் கொட்டினாலும் அவ்வாறே.

எதைக் கவனிப்பது

கொட்டிய இடம் வீங்குவதும் வலிப்பதும் இயல்பு. கையில் கொட்டியது முழங்கை வரை வீங்கி, இரண்டு மூன்று நாள் கழித்தே வற்றுவதும் சிலருக்கு உண்டு. பார்க்கப் பயமாக இருந்தாலும், அது அந்த இடத்தோடு நிற்கும் ஒவ்வாமை. சிட்ரிசின் போன்ற மாத்திரையும் மருத்துவர் ஆலோசனையும் போதும். நாம் பார்க்க வேண்டியது, கொட்டிய இடத்துக்குத் தொடர்பே இல்லாத இடத்தில் என்ன நடக்கிறது என்பதை.

உள்ளங்கை, உள்ளங்கால், உச்சந்தலை அரிப்பது பலருக்கு முதல் அறிகுறி. உடலெங்கும் செந்தடிப்பு, உதடோ நாக்கோ கண்ணிமையோ வீங்குதல், தொண்டையில் ஏதோ அடைத்தாற்போன்ற உணர்வு, குரல் கம்முதல், விழுங்க முடியாமை, வறட்டு இருமல், வீசிங் எனப்படும் இழுப்பு, வயிற்றைப் பிசைதல், வாந்தி, வயிற்றுப்போக்கு, தலைசுற்றல், வியர்த்துக் குளிர்தல், "எனக்கு என்னமோ ஆகப்போகுது" என்ற இனம்புரியாத பயம் ஆகியவை அடுத்தடுத்து வரலாம். அந்தப் பயத்தை மனக்கலக்கம் என்று தள்ளிவிடாதீர்கள். மருத்துவ நூல்களே அதை ஓர் அறிகுறியாகக் குறிக்கின்றன. தோல், மூச்சு, வயிறு, ரத்த ஓட்டம் என்ற நான்கில் இரண்டு பாதிக்கப்பட்டாலே அனஃபிலாக்சிஸ் என்று கொண்டு செயல்பட வேண்டும். மூச்சுத் திணறலோ, மயக்கமோ தனியாக வந்தாலும் அப்படியே. தடிப்பு இல்லையே என்று ஆறுதல் கொள்ளக் கூடாது. தோலில் ஒன்றுமே தெரியாமல், நேரடியாக மயங்கி விழுபவர்களும் இருக்கிறார்கள்.

குழந்தைகள் வாய்விட்டுச் சொல்ல மாட்டார்கள். ஓடி விளையாடிய பிள்ளை திடீரென்று துவண்டு மடியில் சாய்ந்தால், அதையே அறிகுறியாகக் கொள்ளுங்கள்.

செய்ய வேண்டியது

முதலில், படுக்க வையுங்கள். எங்கே இருக்கிறாரோ அங்கேயே, ஈரத் தரையானாலும் ஒரு சாக்கை விரித்து மல்லாக்கப் படுக்கவைத்து, காலைக் கூடையின் மேலோ உரமூட்டையின் மேலோ உயர்த்தி வைக்க வேண்டும். ரத்தக் குழாய்கள் தளர்ந்துவிட்ட நிலையில் ரத்தம் காலிலேயே தேங்கிவிடுகிறது. எழுந்து நின்றால் இதயத்துக்குத் திரும்பும் ரத்தம் நின்றுபோய், அந்தக் கணமே இதயமும் நின்றுவிடலாம். அனஃபிலாக்சிஸில் இறந்தவர்களைப் பற்றிய ஆய்வுகளில், படுத்திருந்தவர் எழுந்து உட்கார்ந்ததும் உயிர் பிரிந்த நிகழ்வுகள் பதிவாகியிருக்கின்றன. மதினி ஜீப் படியில் சரிந்ததற்கும் அதுவே காரணம் என்று பிறகுதான் எங்களுக்குப் புரிந்தது. மூச்சுத் திணறல் கடுமையாக இருந்து படுக்கவே முடியாவிட்டால், முதுகுக்கு முட்டுக் கொடுத்து, காலை நீட்டி உட்கார வைக்கலாம். நிற்க மட்டும் வைக்கக் கூடாது. கர்ப்பிணியை இடது பக்கமாகவும், வாந்தி எடுப்பவரையும் நினைவிழந்தவரையும் ஒருக்களித்தும் படுக்க வையுங்கள். கழிப்பிடம் போக வேண்டும் என்று கேட்டாலும் எழுப்பாதீர்கள். வெட்கப்பட வேண்டிய நேரம் அதுவல்ல என்று பக்கத்தில் இருக்கும் பெண்கள் சொல்லித் துணி மறைத்துக்கொள்ளட்டும்.

அடுத்தது அட்ரினலின். இந்த நோய்க்கு மருந்து அது ஒன்றே. மற்ற எல்லாம் துணை மருந்துகள். எபிநெஃப்ரின் என்று சொல்வதும் இதையே. தளர்ந்த குழாய்களை இறுக்கி, சுருங்கிய மூச்சுக்குழலை விரித்து, இதயத்தை உந்தி, ஹிஸ்டமின் மேலும் வெளிவராமல் தடுப்பது என நான்கு வேலையையும் சில நிமிடங்களில் செய்யக்கூடியது இது. பிரிட்டனில் அனஃபிலாக்சிஸ் இறப்புகளை ஆராய்ந்து 2000ஆம் ஆண்டில் வெளியிட்ட ஆய்வில், பூச்சி கொட்டி இறந்தவர்களுக்கு மூச்சோ இதயமோ நின்றது, நடுமதிப்பாக, 15ஆவது நிமிடத்தில் என்று கண்டார்கள். பெரும்பாறையிலிருந்து வத்தலக்குண்டு இறங்குவதற்கோ, பண்ணைக்காட்டிலிருந்து கொடைக்கானல் ஏறுவதற்கோ அந்த நேரம் போதாது என்பது நமக்குத் தெரியும். எனவே பெரிய மருத்துவமனை எங்கே என்று யோசிப்பதைவிட, அட்ரினலின் மிக அருகில் எங்கே இருக்கிறது என்று யோசிக்க வேண்டும். பெரும்பாலும் அது ஆரம்ப சுகாதார நிலையமாகவே இருக்கும்.

ஒருவர் 108ஐ அழைக்கட்டும்; "தேனீ கொட்டி அனஃபிலாக்சிஸ், மூச்சுத் திணறல், அட்ரினலின் தேவை" என்று அந்தச் சொற்களாலேயே சொல்லட்டும். "தேனீ கொட்டிவிட்டது" என்று மட்டும் சொன்னால் அவசரம் புரியாமல் போகக்கூடும். மற்றொருவர் சுகாதார நிலையத்தை அழைத்து ஊசியை எடுத்து வைக்கச் சொல்லட்டும். ஆம்புலன்ஸ் வரத் தாமதமாகும் என்றால், தோட்ட ஜீப்பின் பின்பக்கத்தில் மெத்தை விரித்துப் படுக்கவைத்தபடியே கொண்டுபோய், எதிரே வரும் ஆம்புலன்ஸோடு வழியில் சேர்ந்துகொள்ளலாம். ஜீப் வரை, காப்பி மூட்டை தூக்குவதைப் போல நான்கு பேர் சாக்கின் நான்கு முனையையும் பிடித்துத் தூக்கிச் செல்லுங்கள்.

ஊசி போடுமிடம் தொடையின் நடுவில், வெளிப்பக்கத் தசை. ஒரு மில்லிலிட்டரில் ஒரு மில்லிகிராம் உள்ள ஆம்பூலிலிருந்து பெரியவர்களுக்கு அரை மில்லிலிட்டரும், 6 முதல் 12 வயது வரை 0.3 மில்லிலிட்டரும், அதற்குக் கீழே ஆறு மாதம் வரையுள்ள பிள்ளைகளுக்கு 0.15 மில்லிலிட்டரும் போடுவது மருத்துவர்கள் பின்பற்றும் அளவு. ஐந்து நிமிடத்தில் தேறவில்லை என்றால் மறுபடி போடுவார்கள். அதை நீங்களே போடலாமா என்றால், உங்களுக்கோ உங்கள் வீட்டாருக்கோ ஒவ்வாமை உண்டு என்று கண்டு, மருத்துவர் மருந்தும் எழுதிக்கொடுத்துப் போடும் முறையையும் கற்றுக்கொடுத்திருந்தால் மட்டும் போடுங்கள். அப்போது தயங்கவே கூடாது. உடல் நடுங்குவதும் நெஞ்சு படபடப்பதும் மருந்தின் இயல்பு. சிறிது நேரத்தில் அடங்கும். இதய நோய் உள்ளவர் என்பதற்காக இந்த ஊசியைத் தள்ளிப்போடுவது, தள்ளிப்போடாமல் இருப்பதைவிட ஆபத்தானது.

மூச்சும் அசைவும் நின்றுவிட்டால், நெஞ்சின் நடுவில் இரு கைகளையும் வைத்து, நிமிடத்துக்கு 100 முதல் 120 தடவை, ஐந்து சென்டிமீட்டருக்குக் குறையாமல் அழுத்த வேண்டும். உதவி வரும்வரை ஆள் மாற்றி ஆள் நிறுத்தாமல் செய்யுங்கள்.

நம்பக் கூடாதவை

அவில், சிட்ரிசின் முதலியவை அரிப்பையும் தடிப்பையும் தணிக்கும். சரிந்த ரத்த அழுத்தத்தையும் அடைபட்ட மூச்சையும் அவை திருப்புவதில்லை. டெக்சாமெத்தசோன் போன்ற ஸ்டீராய்டு வேலை செய்யவே சில மணி நேரம் பிடிக்கும். தடிப்பு மறைந்ததைக் கண்டு நோய் மறைந்தது என்று நினைப்பதுதான் இவற்றால் விளையும் தீங்கு. ஊசி போடுபவரிடம் "அட்ரினலின் போட்டீர்களா?" என்று பணிவாகவும் தெளிவாகவும் கேட்பது மரியாதைக் குறைவு ஆகாது, அன்று நான் கேட்காமல் விட்ட கேள்வி அது.

சுண்ணாம்பு, வெங்காயம், தும்பைச் சாறு, சாவியையோ அரிவாளையோ தேய்ப்பது ஆகியவற்றால் கொட்டிய இடத்து எரிச்சல் குறைவதாகப் பலர் உணர்கிறார்கள். அதை நான் மறுக்கவில்லை. ஆனால் தீவிர ஒவ்வாமை நடப்பது தோலில் அல்ல. மண்ணெண்ணெயும் சாணமும் புண்ணைக் கெடுக்கும். மயங்கியவர் வாயில் தண்ணீரோ காப்பியோ ஊற்றக் கூடாது, புரையேறும். பாம்புக்குப் போடும் விஷமுறிவு மருந்து தேனீ நஞ்சுக்குப் பயன்படாது.

கூட்டமாகத் துரத்தினால்

மலைத்தேனீயின் அடையைத் தொலைவிலிருந்து பார்த்தால், அதன்மேல் ஒரு சிலிர்ப்பு அலையலையாக ஓடுவதைக் காணலாம். ஆயிரக்கணக்கான தேனீக்கள் அடுத்தடுத்து வயிற்றை உயர்த்தித் தாழ்த்துவதால் அது தோன்றுகிறது. கடந்தையையும் மற்ற எதிரிகளையும் விரட்டும் வழி அது. தேனெடுக்கப் போகும் பளியர் பழங்குடிப் பெரியவர் ஒருவர் அதைச் சுட்டிக்காட்டி, "அடை சிலிர்த்தா நாம நிக்கிற இடம் சரியில்லைன்னு அர்த்தம்" என்று எனக்குச் சொன்னார். நின்று படம் எடுக்காமல் அமைதியாகப் பின்வாங்கிவிடுங்கள். தேன்பருந்து அடையைக் கிழிக்கும் நேரத்தில் கீழே நிற்பவர் எந்தத் தவறும் செய்யாமலே கொட்டு வாங்குவார். கல்லெறிவது, புகை போடுவது, வெடி வெடிப்பது, இரவில் டார்ச் அடிப்பது எதுவும் வேண்டாம்.

துரத்தத் தொடங்கிவிட்டால் நின்று கையை வீசாமல், சட்டையாலோ கொங்காணிச் சாக்காலோ தலையோடு முகத்தை மூடிக்கொண்டு, பாதை தெரியும் அளவுக்கு மட்டும் கண்ணைத் திறந்து ஓடுங்கள். மலைத்தேனீ பல நூறு மீட்டர் வரை துரத்தும். பாதியில் நிற்கக் கூடாது. வீடோ, கண்ணாடி ஏற்றிய வாகனமோதான் பாதுகாப்பு. தண்ணீருக்குள் குதிப்பவர் மூச்சுக்குத் தலையைத் தூக்கும்போது தேனீக்கள் மேலேயே காத்திருக்கும். காட்சிமுனைகளில் விளிம்பை நோக்கி ஓடிவிடாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

ஒரு கிலோ எடைக்கு ஏறத்தாழ 20 கொட்டு என்பது உயிருக்கு ஆபத்தான நஞ்சின் தோராயக் கணக்கு. அறுபது கிலோ எடையுள்ளவருக்கு ஆயிரத்துக்கும் மேல் என்றாலும், பதினைந்து கிலோ எடையுள்ள குழந்தைக்கு அது முந்நூறுதான்; மேலும் சில நூறு கொட்டிலேயே சிறுநீரகம் பழுதாகி இறந்த பெரியவர்களும் உண்டு. ஐம்பதுக்கு மேல் கொட்டியிருந்தால், நன்றாக இருப்பதாகச் சொன்னாலும் பெரியவரை மருத்துவமனையில் சேர்க்க வேண்டும். குழந்தைகளையும் முதியவர்களையும் அதற்கும் குறைவாக இருந்தாலே சேர்க்க வேண்டும். நஞ்சு தசையையும் ரத்தச் சிவப்பணுக்களையும் சிதைத்து, அந்தக் கழிவு சிறுநீரகத்தை அடைப்பது ஓரிரு நாள் கழித்தே தெரியவரும். சிறுநீர் வரக்காப்பி நிறத்தில் போனாலோ, அளவு குறைந்தாலோ ஒரு மணி நேரமும் தாமதிக்கக் கூடாது. கூட்டைக் கலைக்க வேண்டிய கட்டாயம் வந்தால் தீயணைப்பு நிலையத்தைக் கூப்பிடுங்கள்.

மீண்டு வந்த பிறகு

அட்ரினலின் போட்டுத் தேறியவரை அப்படியே வீட்டுக்கு அழைத்து வந்துவிடக் கூடாது. அடங்கிய ஒவ்வாமை, மறுபடி கொட்டாமலே, சில மணி நேரம் கழித்துத் திரும்ப வருவது சிலருக்கு நிகழ்கிறது. குறைந்தது ஆறு மணி நேரமும், நிலைமை கடுமையாக இருந்திருந்தால் ஓர் இரவும் மருத்துவமனையில் கண்காணிப்பில் இருப்பது நல்லது. வீடு வெகுதொலைவில் இருக்கும் மலைவாசிகள், தூரத்தைச் சொல்லிக் கேட்டுத் தங்கிக்கொள்ள வேண்டும்.

நான்கு முதல் ஆறு வாரம் கழித்து ஒவ்வாமை நிபுணரிடம் போய்ச் சோதனை செய்துகொள்ளுங்கள். உடனே செய்தால், ஒவ்வாமை இருந்தும் இல்லை என்று சோதனை தவறாகக் காட்டக்கூடும். நஞ்சை மிகக் குறைந்த அளவிலிருந்து படிப்படியாக ஏற்றி, மூன்று முதல் ஐந்து ஆண்டு வரை ஊசியாகச் செலுத்தி உடலைப் பழக்கும் சிகிச்சை ஒன்று உண்டு. தேனீ ஒவ்வாமை உள்ளவர்களில் பெரும்பாலோரை அது காக்கிறது. எல்லா ஊரிலும் கிடைப்பதில்லை என்றாலும், கேட்டுப் பார்க்க வேண்டியது அவசியம்.

ஆஸ்துமா இருப்பவர்களும், ரத்தக்கொதிப்புக்கு அட்டினலால், மெட்டோப்ரலால் போன்ற மாத்திரை எடுப்பவர்களும் இன்னும் கவனமாக இருக்க வேண்டும். பின்னவை அட்ரினலினின் வேலையைத் தடுக்கும். அந்த மாத்திரையை எடுத்துவருவதை ஊசி போடும்போதே சொல்லிவிடுங்கள். தாமாக மாத்திரையை நிறுத்திவிடாமல், வேறு மாத்திரைக்கு மாற்ற முடியுமா என்று மருத்துவரைக் கேளுங்கள்.

எங்கள் வீட்டில் இப்போது மதினிக்கென்று ஒரு சிறு துணிப்பை இருக்கிறது. மருத்துவர் எழுதிக்கொடுத்த இரண்டு அட்ரினலின் ஆம்பூல், இரண்டு சிரிஞ்சு, பஞ்சு, அளவை எழுதிய அட்டை, சுகாதார நிலையத்தின் தொலைபேசி எண் ஆகியவை அதில் உண்டு. சிரிஞ்சில் அரை மில்லிலிட்டர் கோட்டுக்கு மேல் சிவப்பு நாடா ஒட்டியிருக்கிறோம். பதற்றத்தில் கண் தடுமாறினாலும் நாடா தெரியும். ஆம்பூலை வெயிலிலும் ஜீப்பின் முன்பலகையிலும் வைக்கக் கூடாது. வெளிச்சமும் வெப்பமும் மருந்தைக் கெடுக்கும். மருந்து பழுப்பு நிறம் அடைந்திருந்தால் பயன்படாது. தோட்டத்தில் கைபேசிக்குச் சிக்னல் கிடைக்கும் இரண்டு இடங்களை வேலைக்கு வரும் எல்லோருக்கும் காட்டி வைத்திருக்கிறோம். பெட்டிகளை நடைபாதையிலிருந்து விலக்கி மேட்டுப் பக்கம் கொண்டுபோய்விட்டோம். ஒவ்வோர் ஆண்டும் பூ மழைக்கு முன், மாசி மாதத்தில், அந்தப் பையைப் பிரித்து ஆம்பூலின் காலாவதித் தேதியைப் பார்த்து, முடியப்போவதை மாற்றிவிடுகிறோம்.